அச்சுக்கால்

ஓசூரை அடுத்த தொரப்பள்ளியில் 1878இல் பிறந்தவர் இராசாசி. 1938இல் பள்ளிகளில் இந்தியைக் கட்டாயமாக்கித் தமிழரின் பகையைத் தேடிக்கொண்டவர் அவரே. ஆயினும், அறிவியற் சொற்களைத் தமிழில் ஆக்குதற்கென 1916இல் சேலத்தில் ஒரு கழகம் தோன்ற முன்னின்றவரும் அவரே. மறைமலையடிகள் தனித்தமிழ் இயக்கம் கண்டதும் அவ்வாண்டே.

நூறாண்டு கடந்தபின்னும் 'ஆக்சோபோடியம்' என ஒலியை மட்டும் பெயர்த்தெழுதுவது தகுமா?

அமீபாவின் போலிக்கால் நீளும், குழையும், உருமாறும். கதிர் விரித்த ஞாயிறுபோல் தோன்றும் வேறு சில ஒற்றைக்கல உயிரிகளின் கால்களோ விறைத்து நிற்கும். ஏனெனில், ஒவ்வொன்றின் நடுவிலும் நுண்குழற் கற்றையாலான அச்சொன்று ஓடுகின்றது. இரை ஒட்டியதும் அவ்வச்சுக் குலையும், கால் உள்வாங்கும்.

கிரேக்கத்தில் 'ஆக்சோன்' என்பது அச்சு. 'போடியம்' என்பது சிறுகால். எனவே 'அச்சுக்கால்' என்க. சொல்லே பொருளைக் காட்டிவிடும். பாரம் மிகுந்தால் வண்டியின் அச்சு முறியும் என்பதை வள்ளுவர் 475ஆம் குறளில் காட்டினார். வண்டித் தொழிற்சாலைகள் சூழ்ந்த ஓசூர்ப் பிள்ளைக்கு அச்சு எதுவெனக் கற்பிக்கவும் வேண்டுமோ?

புரியாத சொல் மனப்பாடத்தை வளர்க்கும். புரிந்த சொல்லே ஆராய்ச்சியை வளர்க்கும். ஆசிரியர்கள் இச்சொல்லைக் கரும்பலகையில் எழுதுக! நூல் செய்வோர் நூலில் ஏற்றுக!