அச்சுக்கால் எனின் நாக் கூசுமோ?

அறிவியற் சொல்லுக்குத் தமிழில் வழியில்லை என்பார் வாயடைக்க ஒரு சொல்லே போதும். நன்னீர்க் குளங்களில் வாழும் ஒருகண்ணறை உயிரிகள் சில, கதிரவன் கதிர் வீசுவதுபோல் உடலைச் சுற்றி விறைத்த நீட்சிகளை உடையன. அவற்றைத் தொடும் சிற்றுயிர் ஒட்டிக்கொண்டு இரையாகும். ஆங்கில நூலார் இந்நீட்சிகளை 'ஆக்சோபோடியா' என்பர். அஃது ஆங்கிலமுமன்று, அச்சு, கால் எனப் பொருள்படும் இரு கிரேக்கச் சொற்களின் புணர்ப்பே!

அமீபாவின் பொய்க்கால் குழைந்தோடுவது. இதனையோ நுண்குழற்கற்றை நடுவே அச்சாக நின்று தாங்குகின்றது. கடுங்குளிரில் அக்கற்றை சிதையக் காலும் சுருங்கும். வெம்மை மீளின் மீண்டும் நீளும். ஆதலின் 'அச்சுக்கால்' என்க. வள்ளுவர் ஆண்ட அச்சு, பாகூர் உழவனின் மாட்டுவண்டியிலும் உள்ளதன்றோ?

2023-24 கல்வியாண்டில் புதுவை அரசுப் பள்ளிகளின் உயர்வகுப்புகளிலும் நடுவண் பாடத்திட்டம் புகுந்தது. ஊசுட்டேரியை அடுத்து வாழும் வில்லியனூர்ச் சிறுவன், பொருளறியாது 'ஆக்சோபோடியா'வை உருப்போட்டு ஒப்பிக்கவோ? 'அச்சுக்கால்' எனின் கேட்ட அளவிலேயே அதன் வடிவத்தை உணர்வானே!

ஆசிரியப் பெருமக்காள்! தேர்வுத்தாள் எம்மொழியில் இருப்பினும், கரும்பலகையில் முதற்கண் தமிழ்ச்சொல்லை எழுதுமின்! விளக்கம் தமிழில் நிகழட்டும்!