ஸ்ரீசிட்டிக்கு வேலைக்கு வந்திருப்பவர்களுக்காக ஊராருக்கு ஒரு வேண்டுகோள்



நாங்கள் வரதய்யபாளையம் மண்டலத்தில் குடியிருக்கும் சில பெற்றோர்கள். எங்களில் பலருடைய பிள்ளைகள் டல்லாஸிலும் நியூ ஜெர்சியிலும் வேலை பார்க்கிறார்கள். சிலருடைய பிள்ளைகள் குவைத்தில். அதே சமயம் ஒடிசா, பீகார், ஜார்க்கண்ட் பையன்களுக்கு ரூம் வாடகைக்கு விட்டிருப்பவர்களும், கடை வைத்து அவர்களுக்குச் சாமான் விற்பவர்களும் எங்களில் உண்டு. அரசியல் கட்சி எதுவும் எங்கள் பின்னால் இல்லை. இதே வேண்டுகோளைத் தெலுங்கிலும் அச்சடித்துக் கொடுக்கிறோம்.

2025 செப்டம்பர் 19ஆம் தேதி அமெரிக்க அதிபர் ஓர் உத்தரவு போட்டார். புதிதாக எச்-1பி என்ற வேலை விசாவில் ஆள் எடுக்கும் கம்பெனி ஒரு லட்சம் டாலர் கட்ட வேண்டும் என்று. ஏற்கெனவே விசா வைத்திருப்பவர்களுக்கு இது பொருந்தாது என்ற விளக்கம் பிறகுதான் வந்தது. அதற்குள் லீவில் வந்திருந்த பிள்ளைகள் கல்யாண வீட்டைக்கூடப் பாதியில் விட்டுவிட்டு விமானம் ஏறினார்கள். அந்த விசாவில் இருப்பவருக்கு வேலை போனால் 60 நாளைக்குள் வேறு கம்பெனி பிடிக்க வேண்டும், இல்லாவிட்டால் வீடு, கார், குழந்தையின் பள்ளிக்கூடம் எல்லாவற்றையும் விட்டுக் கிளம்ப வேண்டும். நிரந்தர வசிப்புரிமை அட்டை கேட்டு வரிசையில் நிற்கும் இந்தியருக்கு அந்த வரிசை எப்போது நகரும் என்று சொல்ல ஆள் கிடையாது. ஒரு வருஷத்தில் கொடுக்கும் அட்டைகளில் எந்த நாட்டுக்கும் 7 சதவீதத்துக்கு மேல் கிடையாது என்பது அங்கே சட்டம். இத்தனையும் தாங்கிக்கொண்டு உழைக்கிற பிள்ளைகளைப் பார்த்து அங்கே ஒரு கூட்டம் சொல்வது ஒன்றுதான்: எங்கள் வேலையைப் பிடுங்க வந்தவர்கள், குறைந்த சம்பளத்துக்கு உழைத்து எங்கள் கூலியைக் கெடுத்தவர்கள்.

நம் ஊர் டீக்கடைகளில் காதில் விழும் பேச்சும் இதேதான். "இந்திக்காரன் வந்து நம்ம பசங்க வேலையைக் கெடுத்துட்டான்." சொல்பவர்கள் கெட்டவர்கள் இல்லை. எங்களில் சிலரும் சொல்லியிருக்கிறோம். ஆனால் டல்லாஸில் நம் பிள்ளையின் முகத்துக்கு நேரே இதைச் சொன்னால் நமக்கு எப்படி இருக்கும் என்பதைத் தெரிந்துகொண்டே சொல்வது சரியில்லை.

ஊர்க்காரர்களின் மனக்குறையில் நியாயம் இருக்கிறது. அதை மூடி மறைக்க நாங்கள் வரவில்லை. 2008இல் ஸ்ரீசிட்டி தொழில் நகரம் ஆரம்பித்தபோது சத்தியவேடு, வரதய்யபாளையம் மண்டலங்களின் நிலத்தில்தான் அது எழுந்தது. ஏரிப் பாசனத்தில் நெல்லும் வேர்க்கடலையும் விளைந்த பூமியைக் கொடுத்த குடும்பங்கள், வீட்டுக்கு ஒரு வேலை கிடைக்கும் என்றுதான் நம்பின. ஐடிஐ முடித்த பிள்ளை இன்னும் காண்ட்ராக்டில்தான் ஓடிக்கொண்டிருக்கிறான் என்றால் அந்தத் தாய்க்குக் கோபம் வராமல் இருக்குமா? 2019இல் நம் ஆந்திர சட்டசபையே தொழிற்சாலை வேலையில் 75 சதவீதம் உள்ளூராருக்கு என்று சட்டம் நிறைவேற்றியது. ஹரியானா போட்ட அதே மாதிரிச் சட்டத்தை அங்குள்ள உயர் நீதிமன்றம் 2023 நவம்பரில் செல்லாது என்று சொல்லிவிட்டது. ஆக, சட்டம் போட்டு மட்டும் இந்தக் கேள்வி தீரப் போவதில்லை.

எங்கள் பார்வையில் கோளாறு வேறு இடத்தில் இருக்கிறது. ஸ்ரீசிட்டி ரோட்டோரம் வரிசையாகக் கட்டிவிட்டிருக்கும் ஷீட் போட்ட ரூம்கள் ஒன்றுக்குள் போய்ப் பாருங்கள். பத்துக்குப் பத்து இடம், ஆறு பேர். பகல் ஷிப்டுக்காரன் கிளம்பிய பாயில் ராத்திரி ஷிப்டுக்காரன் வந்து படுக்கிறான். ஆணியில் ஆறு யூனிபார்ம் சட்டை. மூலையில் ஐந்து கிலோ கேஸ் சிலிண்டர், உருளைக்கிழங்கு மூட்டை, கடுகு எண்ணெய் பாட்டில். பத்து ரூமுக்கு ஒரு கக்கூஸ். வாடகை ரூமுக்கு இல்லை, தலைக்கு! இங்கே தங்கியிருப்பவனை வேலைக்குச் சேர்த்தது கம்பெனி இல்லை. ஒடிசாவின் கஞ்சம் ஜில்லாவிலோ பீகாரிலோ உள்ள ஒரு ஏஜெண்டு, அவருக்கு மேல் ஒரு காண்ட்ராக்டர், அவருக்கு மேல் இன்னொருவர். சம்பளச் சீட்டு அவன் கைக்கு வருவதில்லை. ஆதார் அசல் மேஸ்திரியிடம். ஓவர்டைம் காசை மேஸ்திரி சொல்கிறபடி வாங்கிக்கொள்ள வேண்டும். கேட்டால் நாளைக்கு ரயில்.

இப்படி வாய் கட்டப்பட்ட ஆள் கிடைக்கும்போது, நம் ஊர்ப் பையன் பி.எஃப் கேட்டால், நிரந்தரம் கேட்டால், எந்தக் காண்ட்ராக்டர் அவனை வைத்துக்கொள்வார்? நம் பையனின் கூலியை இறக்கியது அந்த ஒடிசாப் பையனின் வாயைக் கட்டி வைத்திருக்கும் ஏற்பாடுதான். அவனுக்குப் பேசும் தைரியம் வந்தால் நம் பையனுக்கும் சம்பளம் ஏறும். அமெரிக்காவில் எச்-1பி விஷயத்திலும் இதே கதைதான். விசா ஒரே முதலாளியோடு கட்டப்பட்டிருப்பதால் நம் பிள்ளை சம்பளம் உயர்த்திக் கேட்கத் தயங்குகிறான். அதனால் அங்கத்திய ஆளுக்கும் பாதிப்பு. குற்றவாளியாக நிறுத்தப்படுவதோ நம் பிள்ளை.

இதற்கு அமெரிக்காவிலேயே ஒரு பழைய பாடம் இருக்கிறது. கலிபோர்னியாவில் டெலானோ என்கிற ஊர், திராட்சைத் தோட்டப் பகுதி. பிலிப்பைன்ஸிலிருந்து வந்தவர்கள் ஸ்டிரைக் செய்தால் மெக்சிகோக்காரர்களைக் கொண்டு வேலையை முடிப்பார்கள். மெக்சிகோக்காரர்கள் நிறுத்தினால் பிலிப்பைன்ஸ்காரர்களைக் கூப்பிடுவார்கள். தோட்ட முதலாளிகள் இப்படியே காலம் தள்ளினார்கள். 1965 செப்டம்பர் 8ஆம் தேதி லாரி இட்லியாங் தலைமையில் பிலிப்பைன்ஸ் தொழிலாளர்கள் வேலையை நிறுத்தினார்கள். எட்டே நாளில் சீசர் சாவேஸின் மெக்சிகோ சங்கமும் அவர்களோடு சேர்ந்து நின்றது. மொழி வேறு, சாப்பாடு வேறு, ஒரே சமையல் கூடத்தில் சாப்பிட்டார்கள். ஐந்து வருஷம் தாக்குப் பிடித்தார்கள். 1970இல் முதலாளிகள் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டார்கள். பிரிந்து கிடந்தவரை ஒரு சாராருக்கும் கிடைக்காத கூலி, சேர்ந்தபோது இரண்டு பேருக்கும் கிடைத்தது.

சட்டம் இல்லாமல் இல்லை. ஒடிசாவில் ஆள்பிடித்து வெளி மாநிலத்துக்கு அனுப்பும் முறையில் நடந்த கொடுமைகள்தான் 1979இல் மாநிலம் விட்டு மாநிலம் போகும் தொழிலாளர் சட்டம் வரக் காரணம். அதன் இடத்தில் 2025 நவம்பர் 21 முதல் அமலுக்கு வந்திருக்கும் தொழிலாளர் சட்டத் தொகுப்பு, வேலைக்குச் சேரும் ஒவ்வொருவருக்கும் நியமனக் கடிதம் கொடுக்கச் சொல்கிறது. 'ஒரே நாடு ஒரே ரேஷன்' திட்டத்தில் ஒடிசா கார்டுக்கும் நம் ஊர் ரேஷனில் தானியம் உண்டு. இதெல்லாம் அந்தப் பையன்களுக்குத் தெரியாது. சொல்லித் தர அவர்கள் மொழி தெரிந்த ஆளும் இங்கே இல்லை.

வயிற்றுப் பிழைப்புக்கு ஊர் விட்டுப் போவது நமக்கு என்றைக்குப் புதிது? மதராஸிலிருந்து போன ட்ரூரோ கப்பல் 1860 நவம்பர் 16இல் தென்னாப்பிரிக்காவின் நேட்டால் கரையில் ஒப்பந்தக் கூலிகளை முதன்முதலாக இறக்கியது. பின்வந்த வருஷங்களில் அந்தக் கரும்புத் தோட்டங்களுக்கு அதிகம் ஆள் கொடுத்த ஜில்லாக்களில் ஒன்று வடஆர்க்காடு. அன்றைக்குச் சித்தூர் அதற்குள்தான் இருந்தது. பம்பாயில் 1966க்குப் பிறகு 'மதராஸி'களை விரட்டு என்ற கோஷம் எழுந்தபோது தாராவியில் நம் தமிழர்கள் பட்ட பாடு பெரியவர்களுக்கு ஞாபகம் இருக்கும். இருந்த இடத்திலேயே மாநிலம் மாறியவர்களும் நம்மில் உண்டு. 1960 ஏப்ரல் 1ஆம் தேதி ஆந்திர, மதராஸ் மாநில எல்லையைத் திருத்தியபோது திருத்தணி அந்தப் பக்கம் போயிற்று, சத்தியவேடு இந்தப் பக்கம் வந்தது. அன்றிலிருந்து வீட்டில் தமிழ், கச்சேரியில் தெலுங்கு என்று வாழ்கிறோம். தெலுங்கு பேசும் அக்கம்பக்கத்தார் நம்மை அன்னியராக நினைத்திருந்தால் இந்த வாழ்க்கை நடந்திருக்குமா?

ஒரு விஷயத்தில் மட்டும் கையெடுத்துக் கும்பிட்டுக் கேட்கிறோம். வாட்ஸ்அப்பில் வரும் பிள்ளை பிடிப்பவன் வீடியோக்களை நம்பாதீர்கள், அனுப்பாதீர்கள். 2018 ஏப்ரல், மே மாதங்களில் இந்த வதந்தியால் நம்மைச் சுற்றி நடந்தது தெரியும். குடியாத்தம் பக்கம் இந்தி பேசிய ஒருவரை அடித்தே கொன்றார்கள். பழவேற்காட்டில் மனநிலை சரியில்லாமல் திரிந்த ஒருவரைக் கொன்று பாலத்தில் தொங்கவிட்டார்கள். பழவேற்காடு இங்கிருந்து எவ்வளவு தூரம்? 2023 மார்ச்சில் தமிழ்நாட்டில் பீகார்காரர்களைத் தாக்குகிறார்கள் என்று பொய் வீடியோக்கள் பரவி, திருப்பூரில் தொழிலாளர்கள் ரயில் நிலையத்துக்கு ஓடினார்கள். வதந்தி எந்தப் பக்கமிருந்து கிளம்பினாலும் அடிபடுவது கூலிக்காரன்தான்.

2017 பிப்ரவரி 22ஆம் தேதி கான்சாஸ் மாநிலத்து ஒலேத்தாவில் ஸ்ரீனிவாஸ் குச்சிபொட்லாவை, எங்கள் நாட்டை விட்டுப் போ என்று கத்திக்கொண்டே ஒருவன் சுட்டுக் கொன்றான். ஹைதராபாத்திலிருந்து போன இன்ஜினியர் அவர். அதே இடத்தில் இயன் கிரில்லாட் என்ற அந்த நாட்டு வெள்ளைக்கார இளைஞர் எழுந்து ஓடி, சுட்டவனைத் தடுக்கப் பார்த்தார். குண்டு அவர் மீதும் பாய்ந்தது, உயிர் பிழைத்தார். ஸ்ரீனிவாஸ் அவருக்கு உறவு இல்லை. நம் ஊரில் நாளைக்கு ஒரு கூட்டம் ஒரு பீகார்ப் பையனைச் சூழ்ந்தால், இயன் கிரில்லாட் மாதிரி ஒருவராவது இங்கே எழுந்து நிற்க வேண்டும் என்பதுதான் எங்கள் ஆசை.

வீடு வாடகைக்கு விட்டிருப்பவர்களே, தலைக்கு வாடகை வாங்குவதை நிறுத்துங்கள்; ரூமுக்கு இவ்வளவு என்று சொல்லி ரசீது கொடுங்கள். வாங்கிய அட்வான்ஸை அவர்கள் காலி செய்யும் அன்றே கணக்குப் பார்த்துத் திருப்பிக் கொடுங்கள். அதிகம் பேர் இருக்கும் இடத்தில் இன்னும் இரண்டு கக்கூஸ் கட்ட என்ன செலவாகிவிடும்? எங்களில் வீடு விட்டிருப்பவர்கள் வரும் மாதத்திலிருந்து இப்படிச் செய்யத் தீர்மானித்திருக்கிறோம். ஆட்டோக்காரத் தம்பிகளே, மொழி தெரியாதவனிடம் இரட்டைச் சத்தம் கேட்காதீர்கள். குடும்பத்தோடு வந்தவர்களின் பிள்ளைகள் பகலில் ரூம் வாசலிலேயே விளையாடிக்கொண்டிருக்கிறார்கள். டி.சி. இல்லை, பிறப்புச் சான்றிதழ் இல்லை என்று ஒரு குழந்தையையும் திருப்பி அனுப்பக் கூடாது என்று 2009 கல்வி உரிமைச் சட்டம் சொல்கிறது. பள்ளியில் சேர்க்கக் கூட வந்து கையெழுத்துப் போட எங்களில் ஆள் இருக்கிறார்கள். இளைஞர்களே, நீங்கள் வேலை பார்க்கும் இடத்தில் நியமனக் கடிதமும் சம்பளச் சீட்டும் கேட்கும்போது, பக்கத்தில் நிற்கும் ஒடியாக்காரனுக்கும் சேர்த்துக் கேளுங்கள்.

அடுத்த கிராம சபைக் கூட்டத்தில் மூன்று கோரிக்கைகளை வைக்கப் போகிறோம். தொழிலாளர் துறை அதிகாரி மாதம் ஒருமுறை மண்டல ஆபீசில் வந்து உட்கார்ந்து, உள்ளூர்க்காரர், வெளியூர்க்காரர் இருவரின் புகாரையும் வாங்க வேண்டும். நிலம் கொடுத்த குடும்பத்துப் பிள்ளைகளுக்கு எந்தக் கம்பெனியில் எத்தனை வேலை கொடுத்திருக்கிறார்கள் என்ற பட்டியலைப் பஞ்சாயத்துப் பலகையில் ஒட்ட வேண்டும். காண்ட்ராக்டர்கள் ஆதார் அசலை வாங்கி வைத்துக்கொள்வதைத் தடுக்க வேண்டும். உங்கள் வீட்டு ரூமில் இருக்கும் பையன்களில் ஷிப்ட் இல்லாதவர்களையும் கூட்டி வாருங்கள். இந்தி தெரிந்த ஒருவர் மொழிபெயர்த்துச் சொல்வார்.

இப்படிக்கு,
வெளியூரில் பிள்ளைகளை வைத்திருக்கும் பெற்றோர்,
வரதய்யபாளையம்.