சம்பளம் உயர்ந்தது, பதவி உயரவில்லை! பி.எஸ்.எஃப். அதிகாரிகளின் சட்டப் போராட்டம்... பின்னணி என்ன?

பாகிஸ்தான், வங்கதேச எல்லைகளில் காவல் நிற்கிறது பி.எஸ்.எஃப். எனப்படும் எல்லைப் பாதுகாப்புப் படை. யு.பி.எஸ்.சி. தேர்வில் தேறி, இருபதுகளின் தொடக்கத்தில் உதவி கமாண்டன்ட்டாக இதில் சேரும் ஒருவர், ஐ.ஜி. நாற்காலி வரை போக முடியுமா? விதிப்படி முடியும். ஆனால், அந்த நாற்காலிகளில் பாதி அவருக்கானது இல்லை. இதுதான் நீதிமன்றம் வரை போன பிரச்சனை.

இந்த வழக்கில் மத்திய அரசு தாக்கல் செய்த சீராய்வு மனுவை, 2025 அக்டோபர் 28-ம் தேதி உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. என்னதான் நடந்தது? பார்க்கலாம்.

பதவி உயர்வு எங்கே சிக்குகிறது?

உதவி கமாண்டன்ட், துணை கமாண்டன்ட், செகண்ட் இன் கமாண்ட், கமாண்டன்ட், டி.ஐ.ஜி., ஐ.ஜி. இதுதான் படையின் ஏணி. இதில் டி.ஐ.ஜி. பதவிகளில் 20 சதவீதமும், ஐ.ஜி. பதவிகளில் 50 சதவீதமும் ஐ.பி.எஸ். அதிகாரிகளுக்கு ஒதுக்கப்பட்டிருந்தன. அவர்கள் அயல்பணியாக வந்து, சில ஆண்டுகள் இருந்துவிட்டுப் போவார்கள்.

உதாரணத்துக்கு, 10 ஐ.ஜி. பதவிகள் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். 5 போக மீதி 5-க்குத்தான் படையிலேயே வளர்ந்தவர்கள் போட்டி போட வேண்டும். மேலே இடம் காலியாகாததால் டி.ஐ.ஜி. அங்கேயே நிற்கிறார். அவருக்குக் கீழே கமாண்டன்ட் நிற்கிறார். கடைசியில் எல்லையில் ரோந்து போகும் இளம் அதிகாரி வரைக்கும் இந்தத் தேக்கம் இறங்கி வருகிறது.

இந்த ஒதுக்கீடு எப்படி வந்தது?

1965-க்கு முன்பு பாகிஸ்தான் எல்லையை மாநில ஆயுதப் போலீஸ்தான் பார்த்துக்கொண்டது. அந்த ஆண்டு டிசம்பர் 1-ல் பி.எஸ்.எஃப். தொடங்கியபோது, சொந்தமாக வளர்ந்த அதிகாரிகள் இல்லை. வெளியிலிருந்து ஆட்களை எடுக்கத்தான் வேண்டியிருந்தது. முதல் தலைவரான கே.எஃப். ருஸ்தம்ஜியும் காவல்துறை அதிகாரிதான். பிறகு படைக்கென்று தனி அதிகாரிகள் உருவானார்கள். ஆனாலும் ஒதுக்கீடு தொடர்ந்தது.

2019-ல் கிடைத்தது என்ன?

மத்திய அரசில் 'ஒழுங்கமைக்கப்பட்ட குரூப் ஏ சேவை' என்று ஒரு அந்தஸ்து உண்டு. இது கிடைத்தால் முக்கியமான பலன் ஒன்று இருக்கிறது. பதவி உயர்வு வராவிட்டாலும், உயர்ந்த சம்பள நிலை கிடைக்கும். ஒரு பேட்ச் ஐ.ஏ.எஸ். அதிகாரிக்கு மத்திய அரசில் உயர் பதவி கிடைத்தால், அந்த பேட்ச்சைவிட 2 ஆண்டு சீனியரான மற்ற சேவை அதிகாரிகளுக்கும் அதே சம்பள நிலை தரப்படும்.

துணை ராணுவப் படை அதிகாரிகளுக்கும் இது உண்டு என 2015-ல் டெல்லி உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2019 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்ய, ஜூலையில் மத்திய அமைச்சரவையும் ஒப்புதல் கொடுத்தது.

ஓய்வு வயதிலும் இதே ஆண்டில்தான் மாற்றம் வந்தது. அதுவரை கமாண்டன்ட் வரை 57 வயதில் ஓய்வு, டி.ஐ.ஜி. ஆகிவிட்டால் 60. அதாவது, பதவி உயர்வு தள்ளிப்போனால் 3 ஆண்டு வேலையும் போய்விடும். டெல்லி உயர் நீதிமன்றத் தீர்ப்புக்குப் பிறகு எல்லோருக்கும் 60 ஆனது.

பிறகு ஏன் மறுபடியும் வழக்கு?

சம்பளம் உயர்ந்தது, ஆனால் பதவி உயரவில்லை. அந்த அந்தஸ்து சம்பளப் பலனுக்கு மட்டும்தான் என்பது அரசின் நிலைப்பாடு. அதிகாரிகள் கேட்டது வேறு. இப்படிப்பட்ட சேவைகளில், எஸ்.ஏ.ஜி. எனும் உயர் நிர்வாக நிலை வரையிலான பதவிகளைக் கீழ்நிலையில் இருப்பவர்களைக் கொண்டே நிரப்ப வேண்டும் என்பது மத்திய பணியாளர் துறையின் விதி. துணை ராணுவத்தில் அந்த நிலை ஐ.ஜி. பதவிதான். "அந்தஸ்து கொடுத்துவிட்டு பாதி இடத்தை வெளியாளுக்கு ஒதுக்குவது எப்படி?" என்பதே அவர்களின் வாதம்.

2025 மே 23-ல் நீதிபதிகள் அபய் எஸ். ஓகா, உஜ்ஜல் புயான் அமர்வு அளித்த தீர்ப்பின் முக்கிய அம்சங்கள்:

• அந்தஸ்து சம்பளத்துக்கு மட்டுமல்ல, எல்லா விஷயத்துக்கும் பொருந்தும்.

• ஐ.ஜி. வரையிலான பதவிகளில் ஐ.பி.எஸ். அயல்பணியைப் படிப்படியாகக் குறைக்க வேண்டும். அதிகபட்சக் கெடு 2 ஆண்டுகள்.

• எந்தப் பதவியில் எத்தனை இடம் என்பதை முடிவு செய்யும் 'கேடர் ரிவ்யூ' 2021-லேயே நடந்திருக்க வேண்டும். அதை 6 மாதத்தில் முடிக்க வேண்டும்.

இது பி.எஸ்.எஃப்.க்கு மட்டுமல்ல, சி.ஆர்.பி.எஃப்., சி.ஐ.எஸ்.எஃப்., ஐ.டி.பி.பி., எஸ்.எஸ்.பி. படைகளுக்கும் பொருந்தும்.

அரசு தரப்பு சொல்வது என்ன?

மாநிலக் காவல்துறையோடு இணைந்து வேலை செய்ய ஐ.பி.எஸ். அதிகாரிகள் தேவை என்கிறது அரசு. இதில் நியாயம் இல்லாமல் இல்லை. எல்லையில் பிடிபடும் கடத்தல்காரரை பி.எஸ்.எஃப். உள்ளூர் போலீஸிடம்தான் ஒப்படைக்கிறது. 2021-ல் பஞ்சாப், மேற்கு வங்கம், அசாமில் படையின் அதிகார எல்லை 15 கிலோமீட்டரிலிருந்து 50 கிலோமீட்டராக விரிந்த பிறகு, இந்த ஒருங்கிணைப்பு இன்னும் அவசியம்.

நீதிமன்றமும் ஐ.பி.எஸ். வரவே கூடாது என்று சொல்லவில்லை. ஐ.ஜி.க்கு மேலே உள்ள பதவிகளைத் தீர்ப்பு தொடவும் இல்லை. படையின் முடிவுகளில் அதன் சொந்த அதிகாரிகளுக்கும் பங்கு வேண்டும் என்பதே தீர்ப்பின் சாரம்.

அடுத்து என்ன?

சீராய்வு மனுவும் போய்விட்டதால், பந்து உள்துறை அமைச்சகத்திடம் போனது. கேடர் ரிவ்யூவுக்கான 6 மாதக் கெடு 2025 நவம்பரில் முடிந்தது. அதோடு, ஒதுக்கீடு எழுதப்பட்டிருக்கும் பணி விதிகளையும் திருத்த வேண்டும். அமைச்சகத்தின் அறிக்கை கிடைத்த 3 மாதத்தில் பணியாளர் துறை முடிவெடுக்க வேண்டும். தீர்ப்பின்படி, அயல்பணியைக் குறைக்கும் கெடு 2027 மே வரை.

விதி திருத்தம் தள்ளிப்போனால் இழப்பு யாருக்கு? இத்தனை ஆண்டுகள் காத்திருந்து, இப்போது ஓய்வை நெருங்கும் கமாண்டன்ட்டுகளுக்கும் டி.ஐ.ஜி.க்களுக்கும்தான். இளம் அதிகாரிகளுக்கு இன்னும் வயது இருக்கிறது. இவர்களுக்கு இல்லை.