துறைமுகம் தந்த துள்ளல்

கப்பல் ஏறி வருவன சரக்குகள் மட்டுமல்ல, சந்தங்களும் வருவதுண்டு. 1620-களில் கோணேசர் ஆலயத்தை இடித்து, அக் கற்களைக் கொண்டே திருகோணமலையிற் கோட்டை எழுப்பிய போர்த்துக்கேயரை நாம் நன்றியோடு நினைப்பதற்கில்லை. ஆயினும், அவர்களும் அவர்கள் கொண்டுவந்த ஆபிரிக்கரும் விட்டுச் சென்ற ஒரு பொருளை நம் செவிகள் வெறுத்ததில்லை. கபிறிஞ்ஞா என்னும் ஆடலிசையே அது. திருகோணமலை, மட்டக்களப்புப் பறங்கியர் அதனைத் தங்கள் திருமண வீடுகளில் ஆடிக் காத்து வந்தனர். அதன் உறவான பைலா, தென்னிலங்கையில் வொலி பஸ்தியன் போன்றோர் நாவிற் சிங்களம் பேசிற்று. நம் சங்கீதக்காரர் திஸ்ர நடை என்பதற்கு மிக அண்மையானது அத் தாளம். கேட்டவர் கால் சும்மா இராது.

இத் தாளத்திலே தமிழை ஏற்றிப் பாடியவர்களுள் முன்னோடி நித்தி கனகரத்தினம். அவருடைய ‘சின்ன மாமியே’ பாட்டை அறியாத ஈழத்து வீடு அரிது. அப் பாட்டலையைக் கடல் கடத்தியவரோ ஏ. ஈ. மனோகரன். இங்கே அவர் ‘பொப்பிசைச் சக்கரவர்த்தி’. தமிழகத்தாருக்குச் ‘சிலோன் மனோகர்’.

அவர் புகழ் பரப்பிய ‘சுராங்கனி’, ஒரு பெண்ணுக்கு மீன் கொண்டுவந்த செய்தியைச் சொல்லும் எளிய பாட்டு. கவிநயம் அதிற் பெரிதாக இல்லை, வேண்டியதும் இல்லை. பல்லவி சிங்களம், இடையிடையே தமிழ். இதுதான் வியப்பு! 1956-இல் தனிச் சிங்களச் சட்டம் வந்தபின் மொழியின் பெயரால் மனங்கள் கசந்திருந்த நாடு இது. அந்த நாட்டிலே தமிழர் ஒருவர் மேடையேறிச் சிங்களப் பல்லவியை எடுக்க, தமிழ்க் கூட்டம் உடன் பாடிற்று. சட்டம் திணித்தபோது நாவில் ஏறாத மொழி, பாட்டாய் வந்தபோது ஏறிவிட்டது. அப் பாட்டு கலவரங்களைத் தடுத்து நிறுத்தவில்லை என்பதும் உண்மையே.

1977-இல் இளையராஜா இசையமைத்த ‘அவர் எனக்கே சொந்தம்’ படத்திலும் சுராங்கனி புகுந்தாள். பாடியவர் மலேசியா வாசுதேவன். இலங்கைப் பாட்டு, மலேசியக் குரல், சென்னைப் படம்!

மனோகரன் நடிகருமாவார். செங்கை ஆழியானின் நாவலைத் தழுவி 1978-இல் இலங்கையில் வெளிவந்த ‘வாடைக்காற்று’ படத்தில் நடித்தார். மீனவர் வாழ்வைச் சொன்ன கதை அது. பின்னர் தென்னிந்தியத் திரையுலகம் அவருக்குப் பெரும்பாலும் வில்லன் வேடங்களையே அளித்தது. பாடிப் பிறரை ஆடவைக்கத் தெரிந்தவரிடம் கத்தியைக் கொடுத்துக் கண்ணை உருட்டச் சொன்னார்கள். என் மட்டில் அது பெருங்குறை. வயிற்றுப்பாடும் ஒன்று உண்டல்லவா? அவரைக் குறை கூறுதல் தகாது.

2018 ஜனவரி 22-ஆம் நாள் சென்னையில் அவர் காலமானார். அவர் திரையில் யாரை மிரட்டினார் என்பது இன்று பலருக்கு நினைவில்லை. சுராங்கனியையோ சிறுவர்களும் பாடுகிறார்கள். பல்லவி எந்த மொழி என்று கேட்டால் விழிக்கிறார்கள்.