எல்லை வழக்கில் நாம் விட்டுவிடும் பெயர்கள்

நகர்ப்புற நிலங்களைப் புதிதாக அளந்து ஆவணப்படுத்தும் 'நக்ஷா' திட்டத்தை ஒன்றிய அரசு 2025 பிப்ரவரியில் தொடங்கியது. முதற்கட்டமாகத் தேர்வான 152 நகர்ப்புற உள்ளாட்சிகளில் தமிழ்நாட்டின் ஊர்களும் உண்டு. நிலம் அளக்கப்படும்போதெல்லாம் உறங்கிக் கிடந்த எல்லைத் தகராறுகள் தலைதூக்கும். 'எங்கள் இடத்தில் இரண்டடி பக்கத்து வீட்டுக்குப் போய்விட்டது' என்ற முறையீடு முதலில் ஜமாஅத்துக்கும், பிறகு நீதிமன்றத்துக்கும் வரும்.

வக்கீலிடம் போகும்போது பத்திரம், பட்டா, புலப்படம், சர்வேயர் அறிக்கை என்று எல்லாவற்றையும் அடுக்கி வைக்கிறோம். வழக்கில் யார் யாரைச் சேர்க்க வேண்டும் என்ற கேள்வியைக் கடைசியில்தான் கேட்கிறோம். பல வழக்குகள் சறுக்குவது அந்த இடத்தில்தான்.

சட்டம் என்ன சொல்கிறது?

தமிழ்நாடு நில அளவை மற்றும் எல்லைகள் சட்டம் 1923-ஆம் ஆண்டு முதல் நடைமுறையில் உள்ளது. நில அளவை அதிகாரி தீர்மானித்த எல்லை நமக்குப் பாதகம் என்றால், அளவை முடிந்ததாக அறிவிக்கை வெளியான நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்கிடலாம் என்கிறது அதன் 14-ஆவது பிரிவு. அந்த எல்லையில் அக்கறை உள்ளவர்கள் என்று வாதி நம்பக் காரணமுள்ள அனைவரையும் தரப்பினராகச் சேர்க்க வேண்டும் என்றும் அதே பிரிவு கட்டளையிடுகிறது.

உரிமையியல் நடைமுறைச் சட்டமும் இதையே வேறு வழியில் சொல்கிறது. யார் இல்லாமல் செல்லத்தக்க தீர்ப்பு வழங்க முடியாதோ அவர் அவசியத் தரப்பினர். அவரை விட்டுவிட்டால் வழக்கே நிற்காது. விட்டவரை வழக்கின் எந்தக் கட்டத்திலும் சேர்க்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. 'பிறகு ஒரு மனுப் போட்டுச் சேர்த்துக்கொள்ளலாம்' என்று அலட்சியமாக இருப்பதற்கு இது காரணமாகிவிடுகிறது. ஆனால் காலவரம்புச் சட்டத்தின் 21-ஆவது பிரிவுப்படி, புதிதாகச் சேர்க்கப்படுபவரைப் பொறுத்தவரை அவர் சேர்க்கப்பட்ட நாளில்தான் வழக்குத் தொடங்கியதாகக் கணக்கு. அதற்குள் மூன்று ஆண்டு கடந்திருந்தால், நல்லெண்ணத்தில் நேர்ந்த பிழை என்று நாம் நீதிமன்றத்தை நம்பவைக்க வேண்டியிருக்கும்.

சகோதரியின் பெயர் எங்கே?

நம் வீடுகளில் அதிகம் விடுபடுவது சகோதரிகளின் பெயர்கள்தாம். வாப்பா மவுத்தான பிறகு பட்டா அண்ணன் தம்பி பெயருக்கு மாறும். எல்லைத் தகராறு வந்தால் அவர்களே வாதிகள். 'தங்கச்சியைக் கட்டிக் கொடுத்தாயிற்று, அவளை ஏன் கோர்ட்டுக்கு இழுக்க வேண்டும்?' என்பார்கள்.

ஆனால் ஷரீஅத் சட்டப்படி ஒருவர் இறந்த கணமே அவருடைய சொத்து வாரிசுகளின் தனித்தனிப் பங்குகளாகிவிடுகிறது. மகளுக்கும் மனைவிக்கும் தாய்க்கும் அதில் பங்குண்டு. கூட்டுக்குடும்பத் தலைவர் என்ற நிலை நம் வாரிசுரிமைச் சட்டத்தில் இல்லை. எனவே மூத்த அண்ணன் என்பதாலேயே ஒருவர் தங்கையின் பங்குக்குப் பிரதிநிதி ஆகிவிட மாட்டார். பட்டா மட்டுமே உரிமைக்கு முழு ஆதாரமும் ஆகாது.

அத்துமீறி நுழைந்தவரைத் தடுக்கப் பங்குதாரர்களில் ஒருவரே வழக்கிடலாம் என்பதை நீதிமன்றங்கள் ஏற்கின்றன. உரிமையையும் எல்லையையும் நிலையாக முடிவு செய்யக் கோரும் வழக்கு அப்படியல்ல. அதில் சேர்க்கப்படாத சகோதரி நாளை தனியாக வழக்கிட்டால் முடிந்த தகராறு மறுபடி முளைக்கும். எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் பிடிக்கும் ஓட்டையும் இதுதான். எல்லாவற்றுக்கும் மேலாக, 'வாரிசுகள் நாங்கள் மட்டுமே' என்று பிராதில் கையெழுத்திடுவது அல்லாஹ் விதித்த ஒரு பங்கை நீதிமன்றத்தில் எழுத்துப்பூர்வமாக மறுப்பதாகும். பக்கத்து வீட்டுக்காரர் எடுத்த இரண்டடிக்காக வழக்காடும் நாம், நம் சகோதரியின் பங்கை எடுத்துக்கொண்டால் அதற்கு என்ன பெயர்?

சகோதரிக்கு வாதியாக வர விருப்பமில்லை என்றால், சம்மதமின்றி அவரை வாதியாக்க முடியாது. பிரதிவாதியாகச் சேர்க்கலாம். அது பகைமை அல்ல. அவருடைய உரிமை பதிவில் இருப்பதற்கான வழி.

இன்னும் சிலர்

பக்கத்து நிலத்தின் உரிமையாளர் இறந்திருந்தால் அவருடைய வாரிசுகள் அனைவரும் தேவை. எல்லை தெருவையோ புறம்போக்கையோ தொட்டால் அரசையும் சேர்க்க வேண்டும். அதற்கு இரண்டு மாத முன்னறிவிப்பு தர வேண்டும். பள்ளிவாசல், மையவாடி நிலம் என்றால் வக்ஃபு வாரியத்துக்கு அறிவிப்புப் போவது முக்கியம். முத்தவல்லி மட்டும் நின்று முடித்துக்கொள்ளும் விஷயம் அல்ல அது.

அதற்காக ஊரையே இழுத்துவிடவும் கூடாது. ஒருவருக்கு எதிராகப் பரிகாரம் கேட்கிறோமா, அவர் இல்லாமல் செல்லத்தக்க தீர்ப்புக் கிடைக்குமா என்ற இரண்டு சோதனைகளை உச்ச நீதிமன்றம் கஸ்தூரி எதிர் அய்யம்பெருமாள் (2005) வழக்கில் வலியுறுத்தியது. தொடர்பற்றவர்களைச் சேர்த்தால் வழக்கு நீளும், செலவு பெருகும்.

அலீ (ரலி) அவர்களை யமனுக்கு நீதிபதியாக அனுப்பியபோது, ஒரு தரப்பை மட்டும் கேட்டுத் தீர்ப்பளிக்க வேண்டாம் என்று நபி (ஸல்) அவர்கள் அறிவுறுத்தியதை அபூதாவூதில் காண்கிறோம். கேட்கப்பட வேண்டியவர் அவையில் இல்லாத தீர்ப்பு நிறைவாகாது. அடுத்த முறை வக்கீலிடம் போகுமுன், புலப்படத்தோடு குடும்பத்தின் முழு வாரிசுப் பட்டியலையும் எழுதி எடுத்துச் செல்வோம். அதில் சகோதரியின் பெயர் இருக்கட்டும்.