தலைமன்னார் வெளிச்சவீடு யாருடைய வரலாறு?

இலங்கைக் கரையோரத்து வெளிச்சவீடுகளைப் பற்றி எழுதுவோர் பெருகிவிட்டனர். உயரம் இத்தனை அடி, கட்டப்பட்ட ஆண்டு இன்னது, படமெடுக்க உகந்த வேளை மாலை. இத்துடன் வரலாறு முடிந்துவிடுகிறது. மன்னார்த் தீவின் மேற்குக் கோடியில், தலைமன்னார் இறங்குதுறையருகே நிற்கும் வெளிச்சவீட்டுக்கும் இதே கதிதான். "1915இல் கட்டப்பட்டது" என்பதற்கு மேல் எவரும் எழுதுவதில்லை. கேகாலை மாவட்டத்து இறப்பர்த் தோட்டமொன்றின் லயத்தில் பிறந்தவன் என்ற உரிமையில் சொல்கிறேன்: அது என் மக்களின் வரலாறு. அதை எங்களிடமிருந்து பிரித்து எழுதுவது அரைகுறை வரலாறு.

கோபுரம் ஏன் 1915இல் எழுந்தது? 1914இல் பாம்பன் பாலம் திறக்கப்பட்டது. அதே ஆண்டில் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பற்சேவை தொடங்கியது. மறு ஆண்டு வெளிச்சவீடு வந்தது. தொடர்பை விளங்கிக்கொள்ளப் பேராய்வு எதுவும் தேவையில்லை. அந்தக் கப்பலில் கனவான்களும் வணிகர்களும் பயணஞ் செய்தார்கள், உண்மைதான். ஆனால் மண்டபம் முகாமில் அடைத்துவைத்து, அம்மை குத்தி, தோட்டத்தின் எண் பொறித்த தகரத் துண்டோடு கங்காணியின் பின்னால் அனுப்பப்பட்ட ஏழைகளே திரள்திரளாக இத்துறையில் வந்திறங்கினார்கள்.

இவர்களில் சப்ரகமுவவுக்கு வந்தோர் யார்? கோப்பிக் காலத்தவர்கள் மன்னார்க் கரையில் இறங்கி, காடு வழியே மாத்தளைக்கு நடந்தார்கள். அந்த வழியில் மடிந்தோர் எத்தனை பேர் என்று அறிஞர்கள் இன்றும் வாதிடுகிறார்கள். ஒழுங்காக எண்ணி வைக்காததே அந்த வாதத்துக்குக் காரணம். ஆனால் இரத்தினபுரி, கேகாலை மாவட்டங்களின் இறப்பர்த் தோட்டங்கள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் விரிந்தவை. களனிவெளிச் சிறுபாதை ரயில் 1903இல் யட்டியாந்தோட்டையையும் 1912இல் இரத்தினபுரியையும் எட்டியது. இரண்டு ஆண்டுகளில் கப்பலும் வந்துவிட்டது. 1939இல் இந்திய அரசு ஆள் அனுப்புவதைத் தடைசெய்யும் வரை, ஏறத்தாழ 25 ஆண்டுகள், எங்கள் பாட்டன் பாட்டிமாரில் பலருக்கு இலங்கையின் முதற் காட்சி தலைமன்னார்தான்.

இன்னொரு வெளிச்சவீட்டோடு ஒப்பிட்டுப் பாருங்கள். தென்கிழக்குக் கடலில், மகா இராவணன் கோட்டை எனப்படும் கிரேட் பாசஸ் பாறையில் 1873இல் ஏற்றப்பட்ட விளக்கின் கதை நன்றாகவே பேணப்பட்டிருக்கிறது. ஸ்கொட்லாந்துக் கருங்கல்லைச் செதுக்கிக் கப்பலேற்றிக் கொண்டுவந்த விதமும், டக்ளஸ் குடும்பத்துப் பொறியியலாளர்களின் பெயரும் நூல்களில் உள்ளன. கல்லுக்குக் கணக்கு இருக்கிறது. தலைமன்னாரில் இறங்கிய மனிதருக்கு இருந்ததோ கழுத்திலே ஓர் எண்.

இறங்கியதோடு கதை முடியவில்லை. 1946இல் கேகாலை மாவட்டத்து நேவ்ஸ்மயர் தோட்டம் கிராம விஸ்தரிப்புக்கென எடுக்கப்பட்டது. ஆண்டாண்டு காலம் அதில் உழைத்தவர்கள் வெளியேறும்படி பணிக்கப்பட்டார்கள். மறுத்தபோது அத்துமீறியோர் எனக் குற்றஞ்சாட்டப்பட்டார்கள். மலையகமே வேலைநிறுத்தத்தில் இறங்கியது. இரண்டே ஆண்டுகளில், 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம் எங்களை நாடற்றவர்களாக்கியது. 1964 அக்டோபர் 30இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு எழுதி வைத்தது. அதே ஆண்டு டிசம்பரில் புயல் தனுஷ்கோடியை அழித்தது. துறை அழிந்தாலும் நாடுகடத்தல் நிற்கவில்லை. கப்பல் இராமேஸ்வரத்திலிருந்து ஓடியது. உறவுகள் கதறக் கதறத் தலைமன்னாருக்குப் புறப்பட்ட ரயிலுக்கு மலையகம் வைத்த பெயர் 'ஒப்பாரிக் கோச்சி'. அதிலே வந்தவர்களை ஏற்றிச் சென்ற 'இராமானுஜம்' கப்பலும் இந்த வெளிச்சவீட்டைக் கடந்தே போயிற்று.

மூன்றாவது பயணம் இன்னும் கொடியது. 1977, 1981, 1983 வன்செயல்களில் இரத்தினபுரி மாவட்டம் உட்பட சப்ரகமுவத் தோட்டங்களிலிருந்து அடித்து விரட்டப்பட்டவர்கள் வன்னியில் குடியேறினார்கள். போர் அங்கும் துரத்தியபோது, மன்னார்க் கரையிலிருந்து வள்ளமேறி இராமேஸ்வரம் போனவர்களில் அவர்களும் இருந்தார்கள். 1984இல் கப்பற்சேவை நின்றுவிட்டிருந்தது. அவர்களை வரவேற்றதும் அதே மண்டபம் முகாம்தான். பாட்டன் புறப்பட்ட முகாமுக்குப் பேரன் அகதியாகத் திரும்பினான். இதைவிடப் பெரிய வரலாறு எந்த வெளிச்சவீட்டுக்கு உண்டு?

இதையெல்லாம் எடுத்துச் சொன்னால் எம்மவரிலேயே சிலர் முகஞ்சுளிக்கிறார்கள். "வந்திறங்கிய இடத்தை நாமே காட்டிக்கொடுத்தால் வந்தேறிகள் என்று சொல்ல மாட்டார்களா?" என்கிறார்கள். அவர்களின் அச்சம் எனக்குப் புரிகிறது, ஆனால் அதில் நியாயமில்லை. தந்தையோ, அல்லது தந்தைவழிப் பாட்டனும் பூட்டனுமோ இங்கே பிறந்ததை நிரூபி என்று 1948இல் கேட்டார்கள். அப்போது எங்களிடம் நினைவுச்சின்னம் எதுவும் இருக்கவில்லை. மறைந்திருந்ததால் காப்பாற்றப்பட்டோமா? கையில் பத்திரம் இல்லாததால்தான் வீழ்ந்தோம். மொரீசியஸைப் பாருங்கள். ஒப்பந்தக் கூலிகள் இறங்கிய போர்ட் லூயிஸ் துறையின் ஆப்பிரவாசி காட் 2006இல் உலக மரபுச் சின்னமாயிற்று. அதனால் அங்குள்ள இந்திய வம்சாவளியினர் எவரும் அந்நியராகிவிடவில்லை. அந்தப் படிக்கட்டுகளைத் தம் நாட்டின் பிறப்புச் சான்றிதழில் ஒரு பக்கமாக அவர்கள் ஏற்றுக்கொண்டார்கள்.

இன்னொரு வாதமும் உண்டு: மலையகம் என்றால் தேயிலை, தேயிலை என்றால் நுவரெலியா. "சப்ரகமுவவிலும் தமிழர்கள் இருக்கிறார்களா?" என்று என்னிடம் கேட்ட பத்திரிகையாளர்களே உண்டு. மலையகம் 200ஐ முன்னிட்டு 2023 ஜூலை இறுதியில் தலைமன்னாரில் தொடங்கி மாத்தளை வரை நடந்த நடைபயணம் மதிக்கத்தக்கது. அது கோப்பிக் காலத்துப் பாதை. இறப்பர்க் காலத்தவரின் பாதை ரயிலிலே தெற்கே இறங்கி, களனிப் பள்ளத்தாக்குக்குள் திரும்பியது. அதையும் யாரேனும் நினைவில் வைத்திருக்க வேண்டாமா?

நான் கேட்பது பளிங்கு மண்டபமல்ல. வெளிச்சவீட்டருகே மூன்று மொழிகளிலும் இந்த மூன்று பயணங்களின் கதையும் எழுதப்படட்டும். குடிவரவுப் பதிவேடுகளிலும் முகாம் ஏடுகளிலும் எஞ்சியிருப்பவற்றை இரு நாட்டு அரசுகளும் கணினியேற்றித் திறந்துவிடட்டும். தெரணியகலையிலோ இறக்குவானையிலோ இருக்கும் ஒரு பிள்ளை தன் பூட்டியின் பெயரைத் தேடிக் கண்டுபிடிக்கட்டும். 2015இல் தலைமன்னார் இறங்குதுறை வரை ரயில் மீண்டும் ஓடத் தொடங்கியபோது, பாதை திறந்தது என்று இரு நாட்டுத் தலைவர்களும் மகிழ்ந்தார்கள். தண்டவாளம் திறந்தது சரி. ஏடுகள் எப்போது திறக்கும்?

கப்பலுக்கு வழிகாட்டவே வெளிச்சவீடு என்பார்கள். கப்பலுக்குள் இருந்தவர்கள் யார் என்று கேட்காத வரலாறு, விளக்கு அணைந்த கோபுரத்துக்கு ஒப்பானது.