அழைப்பு வராதவர்களுக்கும் நியாயம் வேண்டும்

அரசாங்க வேலைக்கு ஆள் எடுப்பது என்றதும் நம் நினைவுக்கு வருவது நேர்முகத் தேர்வுதான். எப்படி உடுத்திச் செல்வது, கேள்விகளுக்கு எப்படிப் பதில் சொல்வது என்றெல்லாம் பலரும் ஆலோசனை கூறுவார்கள். ஆனால், விண்ணப்பிப்பவர்களில் பெரும்பாலோர் அந்த அறைக்குள் நுழைவதே இல்லை. ஒரு பணியிடத்திற்கு 400 பேர் விண்ணப்பிக்கிறார்கள். அவர்களுள் 10 பேர் மட்டும் அழைக்கப்படுகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். மற்ற 390 பேரின் வாய்ப்பு, யாரும் அவர்களின் முகத்தைப் பார்ப்பதற்கு முன்பே முடிந்துவிடுகிறது. ஆகவே, ஆள் எடுப்பதில் நியாயம் இருக்கிறதா என்பதை அறிய, நாம் முதலில் கவனிக்க வேண்டியது இந்த முதற்கட்டத் தேர்வைத்தான்.

இக்கேள்வி பொதுச் சேவையில் கூடுதல் முக்கியத்துவம் பெறுகிறது. அங்கு வழங்கப்படும் சம்பளம் மக்களின் வரிப்பணம். செய்யப்படும் வேலையும் மக்களுக்கானது. சிங்கப்பூர் அரசமைப்புச் சட்டத்தின் 12ஆவது பிரிவு, பொது அமைப்புகளின் பணி நியமனங்களில் சமயம், இனம், வம்சாவளி, பிறந்த இடம் ஆகியவற்றை மட்டுமே காரணமாகக் கொண்டு குடிமக்களிடம் பாகுபாடு காட்டக்கூடாது என்கிறது. அரசாங்க ஊழியர்கள் தகுதியின் அடிப்படையில் தேர்ந்தெடுக்கப்பட வேண்டும் என்பதற்காகவே 1951ஆம் ஆண்டிலிருந்து பொதுச் சேவை ஆணையம் இயங்கி வருகிறது.

சட்டமும் ஆணையமும் இருந்தால் போதாதா என்று சிலர் கேட்கலாம். போதாது என்பதே என் கருத்து. ஏனெனில், முதற்கட்டத் தேர்வில் நிகழும் தவறு பெரும்பாலும் வேண்டுமென்றே செய்யப்படுவதில்லை. அமெரிக்காவைச் சேர்ந்த இரு பொருளியல் ஆய்வாளர்கள் 2004ஆம் ஆண்டில் ஓர் ஆய்வை வெளியிட்டனர். பாஸ்டன், சிகாகோ நகரங்களின் நாளிதழ்களில் வந்த வேலை விளம்பரங்களுக்கு அவர்கள் சுமார் 5,000 தன்விவரக் குறிப்புகளை அனுப்பினர். தகுதிகள் ஒத்திருந்தன, பெயர்கள் மட்டும் வேறுபட்டன. வெள்ளையர்களிடையே வழங்கும் பெயரைக் கொண்ட குறிப்புகளில் ஏறக்குறைய 10க்கு ஒன்று என்ற கணக்கில் அழைப்பு வந்தது. கறுப்பினத்தவரிடையே வழங்கும் பெயர் என்றால், ஓர் அழைப்புக்குச் சுமார் 15 குறிப்புகளை அனுப்ப வேண்டியிருந்தது. அக்குறிப்புகளைப் படித்தவர்களில் பலர் தங்களை நியாயமானவர்கள் என்றே எண்ணியிருப்பார்கள்.

இந்தப் பலவீனத்தை நம் முன்னோர் அறியாமல் இல்லை. சுமார் 1,000 ஆண்டுகளுக்கு முன், சீனாவின் சோங் அரச மரபினர் அரசுப் பணித் தேர்வுகளில் ஒரு வழிமுறையைக் கையாண்டனர். விடைத்தாளில் இருந்த பெயரை மூடி ஒட்டினர். கையெழுத்தை வைத்து ஆளை அடையாளம் கண்டுவிடலாம் என்பதால், எழுத்தர்களைக் கொண்டு விடைகளை வேறு தாளில் படியெடுக்கவும் செய்தனர். திருத்துபவர் படித்தது அந்தப் படியைத்தான். தேர்வாளரின் நேர்மையை மட்டும் நம்பியிராமல், தவறு நேராத வகையில் முறையையே மாற்றியமைத்தது பாராட்டத்தக்கது.

எனினும், அத்தனை கவனமாக நடத்தப்பட்ட அத்தேர்வை எழுதப் பெண்களுக்கு அனுமதி இல்லை. தாளில் பெயரை மறைத்தார்கள். ஆனால், மக்களில் பாதிப் பேரை வாசலிலேயே நிறுத்திவிட்டார்கள். பெயரை மறைப்பது நல்ல தொடக்கம்தான். ஆனால், யார் விண்ணப்பிக்கலாம், எதைத் தகுதியாகக் கொள்ளலாம் என்ற விதிகளே சரியில்லை என்றால், அந்த மறைப்பால் பயன் குறைவு.

ஆகவே, ஒவ்வொரு விதியையும் நோக்கி, 'இந்த வேலைக்கு இது உண்மையிலேயே தேவையா?' என்று கேட்க வேண்டும். முதியோர் அதிகம் வரும் ஒரு முகப்பில் தமிழ் பேசத் தெரிந்தவர் தேவை என்றால், தமிழறிவைத் தகுதியாகக் கேட்பது நியாயம். அதற்காக, விண்ணப்பதாரர் எந்த இனத்தவர் என்று கேட்பது நியாயமாகாது. தமிழை நன்கு கற்ற எவரும் அவ்வேலையைச் செய்யலாம். அதேபோல, 'இடைவெளியின்றி ஐந்தாண்டு அனுபவம்' என்ற விதியைப் பாருங்கள். பார்வைக்கு அது எல்லாருக்கும் பொதுவானது. ஆனால், நோயுற்ற தாயைக் கவனிக்க ஓராண்டு வேலையை விட்டவரை அது ஒதுக்கிவிடுகிறது. அந்த ஓராண்டில் அவரது திறமை எங்கும் போய்விடவில்லை.

சிங்கப்பூரில் இத்தகைய சிந்தனை நடைமுறைக்கு வந்ததற்கு ஓர் எடுத்துக்காட்டு உண்டு. 2017ஆம் ஆண்டு முதல், பொதுச் சேவை வேலைக்கான விண்ணப்பப் படிவத்தில் குற்றப் பதிவு பற்றிய கேள்வி நீக்கப்பட்டது. முதற்கட்டத்தில் தேர்வானவர்களிடம் மட்டுமே பிறகு அது கேட்கப்படுகிறது. கேள்வி மறைந்துவிடவில்லை, அதன் இடம்தான் மாறியது. தண்டனையை முடித்துத் திருந்தி வந்த ஒருவரின் திறமையை முதலில் பார்க்க இம்மாற்றம் வழிவிடுகிறது.

நூற்றுக்கணக்கான விண்ணப்பங்களை இவ்வளவு நுணுக்கமாகப் பார்க்க நேரம் ஏது என்பது ஒரு நியாயமான எதிர்வாதம். பள்ளியின் பெயரையோ பட்டத்தையோ வைத்து விரைவாக வடிகட்டினால் வேலை சுலபமாகும். அல்லது கணினியிடம் விட்டுவிடலாம் என்பார்கள். ஆனால், கணினி கற்றுக்கொள்வது நம்மிடமிருந்துதான். அமெரிக்காவின் ஒரு பெரிய நிறுவனம் தன் பழைய விண்ணப்பங்களைக் கொண்டு ஒரு மென்பொருளைப் பழக்கியது. அவற்றுள் பெரும்பாலானவை ஆண்கள் அனுப்பியவை. விளைவாக, பெண்களைக் குறிக்கும் சொல் இடம்பெற்ற குறிப்புகளுக்கு அம்மென்பொருள் மதிப்பைக் குறைத்தது. அந்நிறுவனம் அத்திட்டத்தைக் கைவிட்ட செய்தி 2018ஆம் ஆண்டில் வெளியானது. விரைவு தேவைதான், ஆனால், தவறான வடிகட்டி விரைவாக வேலை செய்தால், தகுதியானவர்களையும் விரைவாகவே இழப்போம்.

அப்படியென்றால், என்ன செய்யலாம்? விண்ணப்பங்களைத் திறப்பதற்கு முன்பே, தேவையான தகுதிகளையும் அவற்றிற்கான மதிப்பெண்களையும் எழுதி வைக்க வேண்டும். பிடித்த ஒருவரைக் கண்ட பிறகு விதியை வளைக்க இது இடம் தராது. அடுத்து, ஒரே விண்ணப்பத்தை இருவர் தனித்தனியே மதிப்பிட்டுப் பிறகு ஒப்பிட வேண்டும். இறுதியாக, ஒருவரைச் சேர்க்காததற்கான காரணத்தை ஒரு வரியிலாவது குறித்து வைக்க வேண்டும். எழுத முடியாத காரணம், பெரும்பாலும் சொல்லத் தகாத காரணமாகவே இருக்கும்.

மாணவர்களாகிய நீங்களும் இதில் பங்கேற்பவர்கள்தாம். இணைப்பாட நடவடிக்கைக்குத் தலைவரைத் தேர்ந்தெடுக்கும்போது, நண்பரா என்று பார்க்கிறோமா, அப்பொறுப்புக்குத் தேவையான திறன் இருக்கிறதா என்று பார்க்கிறோமா? நாளை உங்களுள் சிலர் விண்ணப்பம் அனுப்புவீர்கள். சிலர் விண்ணப்பங்களைப் பிரித்துப் படிப்பீர்கள். 400 பேரில் 390 பேருக்கு அழைப்பு கிடைக்காமல் போவதைத் தவிர்க்க முடியாது. ஆனால், தங்கள் விண்ணப்பம் மற்றவர்களுடையதைப் போலவே ஒரே அளவுகோலால் அளக்கப்பட்டது என்று அவர்கள் நம்ப முடிய வேண்டும். அந்த நம்பிக்கை இருந்தால்தான், அடுத்த முறையும் அவர்கள் விண்ணப்பிக்க முன்வருவார்கள்.